கொல்லைப்புற மூலை உயிர் பெறுமா? குப்பை சேரும் இடத்தை உட்காரும் இடமாக்க ஒரு முழு வழிகாட்டி

உடைந்த பிளாஸ்டிக் பக்கெட், கட்டுமானத்தில் மிஞ்சிய செங்கல், துருப்பிடித்த கொடிக்கம்பி, நான்கு பழைய டைல்ஸ், எப்போதோ செத்துப்போன ரோஜாச் செடியின் தொட்டி. தாம்பரம் தாண்டிய புறநகரோ, மதுரை, திருச்சி, கோவையின் விரிவாக்கப் பகுதியோ, தனி வீடு என்றால் பெரும்பாலும் அதன் பின்பக்கத்தில் இப்படி ஒரு மூலை இருக்கும். வீட்டுக்காரரைக் கேட்டால், "அங்க யாரு போவா... ஒரே கொசு" என்பார்.

அதே வீட்டின் உள்ளே, ஹாலில் டிவி ஓடும். பெட்ரூமில் ஒருவர் லேப்டாப்பில் மீட்டிங்கில் இருப்பார். வயதான அம்மாவோ அப்பாவோ ஃபேனுக்கு அடியில் கட்டிலில் உட்கார்ந்து, வாசலுக்குக்கூட வராமல் ஒரு நாளைக் கழிப்பார். கடன் வாங்கிக் கட்டிய வீட்டில் காற்று வரும் ஒரே இடம் குப்பைக்கு ஒதுக்கப்பட்டிருக்கும்.

இந்த மூலையை நாலு பேர் உட்கார்ந்து டீ குடிக்கும் இடமாக்குவது பெரிய செலவு பிடிக்கும் வேலை இல்லை. ஆனால் ஆன்லைனில் அழகான நாற்காலி ஆர்டர் செய்வதில் தொடங்கினால், மூன்றே மாதத்தில் அந்த நாற்காலியும் குப்பையோடு சேர்ந்துவிடும். சரியான வரிசை என்ன? பார்ப்போம்.

அந்த மூலை ஏன் காலியானது?

ஒரு தலைமுறைக்கு முன்பு கொல்லைப்புறம் காலி இடமாக இருந்ததே இல்லை. கிணறு அங்கேதான். துவைக்கிற கல், ஆட்டுக்கல், அம்மி எல்லாம் அங்கேதான். காலையில் பாத்திரம் தேய்க்க, மத்தியானம் வடாம் காய வைக்க, சாயங்காலம் கீரை ஆய என்று நாள் முழுக்க யாராவது அங்கே இருந்தார்கள். உட்கார ஒரு கல் இருந்தது. பேச ஆள் இருந்தது.

பிறகு கிணற்றுக்குப் பதில் போர்வெல் வந்தது. துவைக்கிற கல்லுக்குப் பதில் வாஷிங் மெஷின், ஆட்டுக்கல்லுக்குப் பதில் கிரைண்டர். வேலைகள் ஒவ்வொன்றாக வீட்டுக்குள் போயின. வேலை போன பின் ஆட்களும் போனார்கள். ஆள் போகாத இடத்தில் குப்பை சேர்ந்தது.

இதில் ஒரு பாடம் இருக்கிறது. வெறும் அழகுக்காக யாரும் ஓர் இடத்துக்குத் தினமும் போக மாட்டார்கள். அங்கே போக ஒரு காரணம் வேண்டும். எனவே முதல் கேள்வி "என்ன வாங்குவது?" என்பது அல்ல. "இங்கே யார், எந்த நேரத்தில், என்ன செய்யப் போகிறார்கள்?" என்பதே. காலை காபியா, மாலை ஆறு மணிக்கு அம்மா வெங்காயம் உரிக்கவா, இரவு எட்டு மணிக்கு மேல் போனில் பேசவா? பதிலைப் பொறுத்து நிழல், விளக்கு, நாற்காலி எல்லாமே மாறும்.

ஒரு வாரம் சும்மா உட்காருங்கள்

ஒரு ரூபாய்கூடச் செலவு செய்வதற்கு முன், குப்பையை ஓரமாக ஒதுக்கிவிட்டு, வீட்டில் இருக்கும் பிளாஸ்டிக் சேரை அங்கே கொண்டுபோய்ப் போடுங்கள். ஒரு வாரம், நீங்கள் பயன்படுத்தப் போகும் அதே நேரத்தில் பத்துப் பதினைந்து நிமிடம் உட்காருங்கள். வெயில் எங்கே அடிக்கிறது, காற்று எந்தப் பக்கம் வருகிறது, பக்கத்து வீட்டு ஜன்னல் நேராகத் தெரிகிறதா, ஏசி அவுட்டோர் யூனிட்டின் சூடு முகத்தில் அடிக்கிறதா என்பதெல்லாம் அப்போதுதான் தெரியும்.

வெயில் விஷயத்தில் நம் ஊர்க் கணக்கைப் புரிந்துகொள்வது முக்கியம். வீட்டின் கிழக்குப் பக்க மூலை என்றால், மதியத்துக்குப் பிறகு வீட்டின் நிழலே அங்கே விழும். மாலையில் உட்கார அருமையான இடம். மேற்குப் பக்கம் காலையில் நன்றாக இருக்கும். ஆனால் மாலை முழுக்க வெயில் வாங்கிய சுவர், இருட்டிய பிறகும் சூட்டை வெளியே விட்டுக்கொண்டே இருக்கும்.

வடக்குப் பக்கம் எப்போதும் நிழல் என்று நினைப்பவர்கள் பலர். அது வருடம் முழுக்க உண்மை இல்லை. சென்னையில் ஏப்ரல் 24-ஐ ஒட்டியும் ஆகஸ்ட் 18-ஐ ஒட்டியும் நண்பகல் சூரியன் நேர் உச்சியில் நிற்கும். இந்த இரண்டு தேதிகளுக்கும் இடைப்பட்ட நாட்களில் மதியச் சூரியன் உச்சியிலிருந்து சற்று வடக்கே இருக்கும். அதாவது, கத்திரி வெயில் நாட்களில் வடக்கு மூலைக்கும் வெயில் உண்டு. டிசம்பரில் பார்த்துவிட்டு "இங்க நல்ல நிழல்" என்று முடிவெடுத்தால் மே மாதம் ஏமாற்றம்தான்.

தரைக்குக் கீழே என்ன இருக்கிறது?

பல வீடுகளில் பின்பக்க மூலைக்கு அடியில்தான் செப்டிக் டேங்க் இருக்கிறது. இல்லாவிட்டால் தண்ணீர் சம்ப், மழைநீர் சேகரிப்புக் குழி, கழிவுநீர் சேம்பர் என்று ஏதாவது ஒன்று இருக்கும். இவற்றின் மூடிகளை பேவர் பிளாக் போட்டு மறைப்பதும், மேலே கல் பெஞ்ச் கட்டுவதும் கூடவே கூடாது. நாளை அடைப்பு என்றால் எல்லாவற்றையும் உடைக்க வேண்டிவரும். பழைய செப்டிக் டேங்க்கின் மேல் ஸ்லாப் பலவீனமாக இருந்தால் எடை தாங்காமல் உள்ளே விழும் ஆபத்தும் உண்டு. மூடி இருக்கும் பகுதியை நடைபாதையாகவும் விட வேண்டாம். அதன் மேல் எளிதில் நகர்த்தக்கூடிய சின்னத் தொட்டிகளை வைக்கலாம்.

மழைநீர் சேகரிப்பு தமிழ்நாட்டில் 2003-லேயே கட்டாயமாக்கப்பட்டது. அந்தக் குழி உங்கள் மூலையில் இருந்தால் அதை மூடிவிடாமல், சுத்தம் செய்து, மேலே கம்பி வலை போட்ட மூடி அமையுங்கள். பாழடைந்த கிணறு இருந்தால் இரும்பு கிரில் மூடிதான் முதல் வேலை. நாற்காலியெல்லாம் அதற்குப் பிறகு.

இன்னொன்று. வீட்டைச் சுற்றி இவ்வளவு காலி இடம் விட வேண்டும் என்பது கட்டட விதி. தமிழ்நாட்டில் இப்போது நடைமுறையில் இருப்பது 2019-ஆம் ஆண்டின் ஒருங்கிணைந்த வளர்ச்சி மற்றும் கட்டட விதிகள். நாற்காலி, தொட்டி, கொடிப்பந்தல் போடுவதில் சிக்கல் வராது. ஆனால் அந்தக் காலி இடத்தில் கான்கிரீட் கூரையோ நிரந்தர ஷெட்டோ எழுப்ப நினைத்தால், முதலில் உள்ளாட்சி அலுவலகத்தில் கேட்டுவிடுவது நல்லது.

சுத்தம் செய்யும்போது கவனம்

பல வருடம் கிடந்த செங்கல் குவியலும் விறகுக் கட்டும் பாம்பு, தேளுக்கு வீடு. கையை நேரடியாக விட்டு எடுக்க வேண்டாம். பகல் வெளிச்சத்தில், ஷூ, கெட்டியான கையுறை அணிந்து, நீளக் கம்பால் தட்டி, மேலிருந்து ஒவ்வொன்றாக எடுக்க வேண்டும். பாம்பைப் பார்த்துவிட்டால் அடிக்கப் போகாமல் விலகி நின்று, தீயணைப்புத் துறைக்கோ வனத் துறைக்கோ சொல்லுங்கள். கடித்துவிட்டால் கீறுவது, உறிஞ்சுவது, இறுக்கிக் கட்டுவது எல்லாம் ஆபத்து. 108-ஐ அழைத்து உடனே மருத்துவமனைக்குப் போக வேண்டும்.

எடுத்த செங்கல்லைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். கொஞ்ச நேரத்தில் அதற்கு வேலை வரும்.

கொசுவை முதலில் விரட்டுங்கள்

இந்த ஒன்றைச் சரி செய்யாவிட்டால் மற்ற எல்லாச் செலவும் வீண். உட்காரும் இடத்தில் இரண்டு வகைக் கொசுக்களின் தொல்லை இருக்கும்.

டெங்குவைப் பரப்பும் ஏடிஸ் கொசு நல்ல தண்ணீரில் வளரும். தேங்காய்ச் சிரட்டை, டயர், தொட்டிக்கு அடியில் வைக்கும் தட்டு, பக்கெட் மூடி, எதில் தண்ணீர் நின்றாலும் போதும். முட்டை கொசுவாக மாற நம் ஊர் வெப்பத்தில் 7 முதல் 10 நாட்கள். இது பகலில் கடிக்கும். குறிப்பாகக் காலையிலும் பொழுது சாய்வதற்கு முன்பும், அதாவது டீ நேரத்தில். அதன் முட்டைகள் காய்ந்த பாத்திரத்தின் ஓரத்தில் மாதக்கணக்கில் உயிரோடு இருக்கக்கூடியவை. எனவே தண்ணீரைக் கொட்டினால் மட்டும் போதாது. வாரம் ஒருமுறை உள்பக்கத்தைத் தேய்த்துக் கழுவ வேண்டும். தொட்டித் தட்டுகளில் மணல் நிரப்பிவிடுவது இன்னும் சுலபம்.

இரவில் கடிக்கும் கியூலெக்ஸ் கொசு சாக்கடை, செப்டிக் டேங்க் போன்ற அழுக்குத் தண்ணீரில் வளரும். செப்டிக் டேங்க்கின் வென்ட் பைப் வாயில் கொசு வலை கட்டினால், செலவே இல்லாமல் பெரிய வாசல் ஒன்று அடைபடும். சேம்பர் மூடியின் விரிசல்களையும் சிமென்ட் வைத்துப் பூசிவிடுங்கள்.

"கொசு விரட்டும் செடி" என்று நர்சரியில் விற்பதை நம்பி ஏமாற வேண்டாம். செடி சும்மா நிற்பதால் கொசு ஓடிவிடாது. கொசுவுக்குக் காற்றை எதிர்த்துப் பறக்கும் பலம் குறைவு என்பதால், கால் பக்கம் வீசும் ஒரு ஃபேன் அதைவிட நன்றாக வேலை செய்யும்.

எவ்வளவு இடம் வேண்டும்?

இரண்டு நாற்காலி, நடுவில் ஒரு குட்டி டீப்பாய் என்றால் 6 அடிக்கு 6 அடி போதும். நாலு பேர் என்றால் 8-க்கு 8 அடி. கட்டடக் கலை அறிஞர் கிறிஸ்டோபர் அலெக்ஸாண்டரும் அவரது குழுவினரும் 1977-ல் வெளியிட்ட 'எ பேட்டர்ன் லாங்குவேஜ்' நூலில், 6 அடிக்குக் குறைவான ஆழம் கொண்ட பால்கனிகளை மக்கள் அதிகம் பயன்படுத்துவதில்லை என்று சுட்டிக்காட்டினார்கள். காரணம் எளிது. கால் நீட்டவும், எதிரெதிரே உட்காரவும், நடுவில் டம்ளர் வைக்கவும் அவ்வளவு இடமாவது தேவை.

உட்காருபவரின் முதுகுக்குப் பின்னால் சுவரோ செடியோ இருக்கட்டும். முகம் வீட்டுக் கதவையோ திறந்த இடத்தையோ பார்க்கட்டும். பின்னால் யார் வருகிறார்கள் என்று தெரியாத இடத்தில் யாருக்கும் நிம்மதியாக உட்கார வராது.

தரை எப்படிப் போடுவது?

முழுக்க கான்கிரீட் போட்டு மூடுவதுதான் கொத்தனார் சொல்லும் முதல் யோசனையாக இருக்கும். வேண்டாம். சூடு ஏறும், மழைத் தண்ணீர் மண்ணுக்குள் இறங்காது, மரம் இருந்தால் வேருக்கும் கஷ்டம்.

பேவர் பிளாக் முறை இதற்குப் பொருத்தம். 8-க்கு 8 அடி, அதாவது 64 சதுர அடிக்குக் கணக்கு இது: சுமார் 6 அங்குலம் தோண்ட வேண்டும். 3 அங்குலம் ஜல்லி போட்டு நன்றாக இடித்து இறுக்க வேண்டும். அதற்குச் சுமார் 16 கன அடி ஜல்லி தேவை. அதன் மேல் 1 அங்குலம் எம்-சாண்ட் அல்லது மணல், சுமார் 5 முதல் 6 கன அடி. மேலே 60 மில்லிமீட்டர் பிளாக். தரை மட்டத்தைவிட அரை அங்குலம் உயரமாக நிற்கும். ஓரங்களில் செங்கல்லை நெட்டுக்குத்தாகப் புதைத்தால் பிளாக் நகராது.

வாட்டம் மிக முக்கியம். 8 அடிக்கு ஒன்று முதல் ஒன்றரை அங்குலம் சரிவு, வீட்டுச் சுவரை விட்டு விலகிப் போகும்படி இருக்க வேண்டும். வடகிழக்குப் பருவமழையில் இரண்டு மணி நேரம் கொட்டினாலும் தண்ணீர் தேங்காத தரைதான் கொசு வராத தரை. மரம் இருந்தால் அடிமரத்தைச் சுற்றி இரண்டு அடியாவது மண்ணாகவே விடுங்கள்.

பளபளப்பான டைல்ஸ் மழையில் வழுக்கும். வெறும் கூழாங்கல் பரப்பினால் போட்டோவுக்கு அழகுதான், ஆனால் கைத்தடி ஊன்றி வரும் பாட்டியால் அதில் நடக்க முடியாது.

60 செங்கல்லில் ஒரு பெஞ்ச்

மிஞ்சிய செங்கல்லுக்கு வேலை வந்துவிட்டது. 9 அங்குலத்துக்கு 18 அங்குலம் அளவில் மூன்று குட்டித் தூண்கள் கட்ட வேண்டும். ஒரு வரிசைக்கு 4 செங்கல், ஐந்து வரிசை. ஒரு தூணுக்கு 20 என்று மொத்தம் 60 செங்கல். மேலே 6 அடி நீளம், ஒன்றரை அடி அகலமுள்ள கடப்பா கல் பலகை. மொத்த உயரம் கிட்டத்தட்ட 18 அங்குலம் வரும். பெரியவர்கள் சிரமமில்லாமல் உட்கார்ந்து எழ ஏற்ற உயரம் அது. தூண்களுக்கு இடையே கீழே காலியாக இருப்பதால், எழுந்திருக்கும்போது பாதத்தைப் பின்னால் இழுத்து ஊன்ற முடியும். அடி முழுக்க அடைத்துக் கட்டிய பெஞ்சில் அந்த வசதி இருக்காது.

கடப்பா கல் கறுப்பு என்பதால் வெயிலில் கொதிக்கும். நிழல் உள்ள இடத்தில் மட்டும் போடுங்கள்.

ஒரு கல் பெஞ்சோடு, நகர்த்தக்கூடிய இரண்டு நாற்காலிகளாவது இருக்கட்டும். நியூயார்க்கின் பொதுச் சதுக்கங்களில் மக்கள் எங்கே, எப்படி உட்காருகிறார்கள் என்று ஆராய்ந்த வில்லியம் வைட், 1980-ல் வெளிவந்த தன் புத்தகத்தில் இதைப் பதிவு செய்திருக்கிறார். நாற்காலியில் உட்காரும் முன் மக்கள் அதைக் கொஞ்சமாவது நகர்த்துகிறார்கள் என்பது அவர் கண்டது. வெயிலுக்கும் நிழலுக்கும், பேசுவதற்கும் ஒதுங்குவதற்கும் தானே இடம் தேர்ந்தெடுக்கும் சுதந்திரம் அது. பெரியவர்களுக்கான நாற்காலியில் கை இருப்பது கட்டாயம். அதைப் பிடித்துத்தான் எழ முடியும்.

மரச் சாமான் என்றால் கால்கள் மண்ணைத் தொடாமல் கல் மேல் நிற்கட்டும். இல்லாவிட்டால் கரையான் விருந்துதான். மூங்கிலும் பிரம்பும் மழையில் நனையும் இடத்தில் நீடிக்காது.

நிழலுக்கு எந்தச் செடி?

தென்னை மரத்தடியில் உட்காரும் இடம் அமைக்கவே கூடாது. தேங்காயோ மட்டையோ எப்போது விழும் என்று சொல்ல முடியாது. முருங்கைக் கிளை காற்றில் சட்டென முறியும். மழைக்காலத்தில் கம்பளிப்பூச்சியும் வரும். அரளியின் எல்லாப் பாகமும் விஷம் என்பதால் சின்னப் பிள்ளைகள் இருக்கும் வீட்டில் கைக்கு எட்டும் இடத்தில் வேண்டாம்.

சீக்கிரம் நிழல் வேண்டுமா? நான்கு ஜிஐ பைப், மேலே கம்பி வலை, அதில் சங்குப்பூக் கொடி. ஒரே பருவத்தில் படர்ந்துவிடும். மாலையில் உட்காருபவர்களுக்கு முல்லை, ஜாதிமல்லி. காலைக் காபிக்காரர்களுக்குப் பவளமல்லி. இரவில் மலர்ந்து விடியற்காலையில் உதிர்ந்து, தரையையே பூவால் நிரப்பும். காம்பவுண்ட் சுவரில் கம்பி கட்டிக் கொடி ஏற்றினால் பக்கத்து வீட்டு ஜன்னலும் மறையும். மனஸ்தாபமும் வராது.

விளக்கும் வயரும்

வெள்ளை ஃப்ளட் லைட் போட்டால் அந்த இடம் பஸ் ஸ்டாண்ட் போல ஆகிவிடும். பூச்சியும் அதிகம் வரும். 2700 முதல் 3000 கெல்வின் வரையிலான மஞ்சள் நிற எல்இடி போதும். கண்ணில் அடிக்காமல், முட்டி உயரத்தில் தரையையும் நடைபாதையையும் காட்டும்படி வையுங்கள். வெளியே வைக்கும் விளக்கில் ஐபி 65 என்று போட்டிருக்கிறதா என்று பாருங்கள். வயர் பைப்புக்குள் போகட்டும். அந்த லைனுக்கு 30 மில்லி ஆம்பியர் ஆர்சிசிபி இருக்கிறதா என்று எலக்ட்ரீஷியனிடம் உறுதி செய்துகொள்ளுங்கள். மழையில் நனையும் இடத்தில் எக்ஸ்டென்ஷன் பாக்ஸை இழுத்துவந்து ஃபேன் போடுவது உயிருக்கு ஆபத்து.

வாடகை வீடு, அபார்ட்மென்ட் என்றால்?

வாடகை வீட்டில் எதையும் கட்ட வேண்டாம். சுத்தம் செய்வது, கொசுவை ஒழிப்பது, மடக்கு நாற்காலி, நாலு தொட்டி, சார்ஜ் செய்யும் விளக்கு. இவ்வளவும் வீடு மாறும்போது கூடவே வரும். மண் தரை சேறாகிறது என்றால் பழைய செங்கல்லை மணல் மேல் வரிசையாக அடுக்கினால் போதும்.

அபார்ட்மென்ட்டில் பின்பக்கக் காலி இடம் எல்லோருக்கும் பொதுவானது. அசோசியேஷனில் பேசித்தான் செய்ய முடியும். தீயணைப்பு வண்டி செல்லும் வழியை மறிக்காமல் ஒரு பெஞ்சும் ஒரு மரமும் என்று சிறிதாகத் தொடங்குங்கள். குழந்தைகள் விளையாடும் இடம் கண்ணில் படும்படி பெஞ்ச் இருந்தால், பெற்றோரும் தாத்தா பாட்டிகளும் தாமாகவே வருவார்கள்.

கடைசியாக, அந்த ஐம்பது அடி

எல்லாம் முடிந்த பிறகும் ஒரு விஷயம் மிச்சம் இருக்கும். சமையலறைக் கதவிலிருந்து அந்த மூலைக்குப் போகும் வழி. 3 அடி அகலம், படி இல்லாத சமதரை, இருட்டில் தெரியும் வெளிச்சம் இருந்தால்தான் முழங்கால் வலி உள்ளவர் துணையில்லாமல் அங்கே போய் வருவார். "யாராவது கூட்டிட்டுப் போனாத்தான் போக முடியும்" என்ற நிலை இருந்தால், அவர் கேட்கவே மாட்டார். கட்டிலிலேயே இருந்துவிடுவார்.

அதோடு, அந்த இடத்துக்கு ஒரு வேலையைக் கொடுங்கள். கீரை ஆய்வது, பேப்பர் படிப்பது, பிள்ளைகளின் ஹோம்வொர்க், ஞாயிற்றுக்கிழமை தலைக்கு எண்ணெய் தேய்ப்பது, ஆபீஸ் முடிந்ததும் பத்து நிமிட டீ, எதுவாக இருந்தாலும் சரி. வேலை போனதால் காலியான மூலை அது. ஒரு வேலை திரும்பினால் போதும், ஆட்களும் திரும்புவார்கள்.

ஒரு மாதம் கழித்து ஒரே ஒரு சோதனை: அந்த நாற்காலியின் மேல் தூசி இருக்கிறதா என்று விரலால் தடவிப் பாருங்கள். இருந்தால் வெயிலா, கொசுவா, வழியா, எது தடுக்கிறது என்று தேடிச் சரி செய்யுங்கள். இல்லாவிட்டால், இன்னொரு நாற்காலி வாங்கும் நேரம் வந்துவிட்டது.